நிழல் திணைக்களத்துக்கு ஒரு விண்ணப்பம்

வெயில் வந்தபோது பன்னிரண்டு மணிக்கு ஏழு நிமிடம் இருந்தது. அதைக் குறித்து வைத்திருக்கிறேன்.

"ஐசே, ஓடி வாரும்! வந்திட்டுது!" என்று கனகசபை அண்ணை கீழேயிருந்து கூப்பிட்டார். நான் அளவுநாடாவையும் ஒரு துண்டுச் சோக்கையும் எடுத்துக்கொண்டு படியிறங்கி ஓடினேன்.

மெல்பேர்னின் டண்டினொங்கில் நாங்கள் குடியிருந்த மாடிக் கட்டடத்தின் கார் நிறுத்துமிடம். கார் இல்லாத மூலையாகப் பார்த்து அவர் விறைப்பாக நின்றார். கோட்டு, கழுத்துப்பட்டி, மினுக்கிய சப்பாத்து. தலைமயிரைத் தண்ணீர் தொட்டு வாரியிருந்தார். குளிர்கால வெயிலில் அவருடைய நிழல் தெற்கே நீண்டு, குப்பை வாளிகளைத் தொட்டுக்கொண்டு கிடந்தது.

நான் குந்தியிருந்து, நிழலின் தலை முடியும் இடத்தில் சோக்கால் கோடு போட்டேன். நிலம் இன்னும் ஈரமாக இருந்ததால் கோடு சரியாக விழவில்லை.

"அசையாதேங்கோ அண்ணை."

"நான் அசையேல்லை. அதுதான் அசையுது. எவ்வளவு?"

"ஒன்பதடி பத்தங்குலம்."

அவருடைய முகம் வாடிவிட்டது. "கூடிப்போச்சு ஐசே. இவ்வளவு நீளத்தை எழுதினால் விடுவாங்களே? கொஞ்சம் குனிஞ்சு நிக்கட்டே?"

"குனிஞ்சால் அது பொய் அறிக்கை."

"அதுவும் சரிதான்." மறுபடி நிமிர்ந்தார்.

மேல்மாடியில் உடுப்புக் காயவைத்துக்கொண்டிருந்த சோஃபியா, எங்கள் பக்கத்து வீட்டுக் கிரேக்கப் பெண்மணி, கம்பியைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தார். "என்ன செய்கிறீர்கள்?" என்று தன் முறிந்த ஆங்கிலத்தில் கேட்டார்.

அண்ணை கழுத்தைத் திருப்பாமலே பதில் சொன்னார்: "கவர்ன்மென்ட் வேலை."

சோஃபியா சிலுவைக் குறி போட்டுவிட்டு உள்ளே போனார்.

எந்த வருடம்?

திகதிகளில் நான் கண்டிப்பானவன் என்பது இந்தத் தொடரை வாசிப்பவர்களுக்குத் தெரியும். சென்ற வாரம் நான் எழுதிய பஸ் இலக்கம் பிழை என்று ஹோம்புஷிலிருந்து ஒரு வாசகர் கடிதம் போட்டிருக்கிறார். அவர் சொல்வது சரி. ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் இந்தச் சம்பவத்துக்கு வருடம் சொல்ல என்னால் முடியவில்லை. அந்தக் குறிப்பேட்டின் பக்கத்தில் "சனி" என்று இருக்கிறது. மேல் மூலையில் தேநீர்க் கறை. மாதமும் வருடமும் அந்தக் கறைக்குள் போய்விட்டன. எழுபதுகளின் நடுப்பகுதி என்று மட்டும் சொல்லலாம். வர்ணத் தொலைக்காட்சி வந்து, ஆட்கள் தங்கள் பழைய கறுப்பு வெள்ளைப் பெட்டிகளை வீதியோரத்தில் வைக்கத் தொடங்கிய காலம். அடியும் அங்குலமும் போய் மீற்றர் வந்துகொண்டிருந்த காலம்.

கனகசபை அண்ணை இலங்கையில் ஒரு கச்சேரியில், அதாவது அரசாங்க அதிபரின் பணிமனையில், பதினெட்டு வருடம் கிளாக்கராக இருந்தவர். இங்கே தொழிற்சாலையொன்றின் களஞ்சியத்தில் பெட்டிகளுக்கு ஒட்டுச்சீட்டு ஒட்டினார். நானும் அங்கேதான். அவருக்கு நாற்பது வயது, எனக்கு இருபத்தெட்டு. இருவரும் சேர்ந்து ஒரு வீடு எடுத்திருந்தோம்.

அவருடைய மனைவி பரமேஸ்வரி அக்கா யாழ்ப்பாணத்தில் இருந்தார். அவருக்கான விசா விண்ணப்பத்தைப் போட்டுப் பதினான்கு மாதம். எந்த அலுவலகம் என்று இங்கே எழுதவில்லை. மாதத்துக்கு ஒரு கடிதம் போட்டுக்கொண்டேயிருந்தார் அண்ணை. ஒன்றுக்கும் மறுமொழி இல்லை.

தொழிற்சாலையால் வந்ததும் அவர் முதலில் பார்ப்பது கடிதப்பெட்டியை. பார்த்த பிறகு கையை உள்ளே விட்டும் தடவுவார். கடிதம் மூலையில் ஒட்டியிருக்கலாம் அல்லவா.

கீழ்ப்பாதி தெரியாத பெட்டி

எங்கள் தொலைக்காட்சியை வீதியோரத்திலிருந்து நாங்கள் இருவருமாகத் தூக்கி வந்தோம். நல்ல சத்தம். படம் மட்டும் மேல்பாதிதான் வரும். கீழே சாம்பல் நிறத்தில் பட்டையாக ஏதோ ஓடிக்கொண்டிருக்கும். செய்தி வாசிப்பவரின் கழுத்துப்பட்டியின் முடிச்சு தெரியும், நுனி தெரியாது. எங்களுக்கு அது போதும்.

இலங்கையில் அப்போது தொலைக்காட்சி கிடையாது. வானொலிதான். அந்த வானொலியில் ஒருவர் கனத்த குரலில் "பொதுமக்களுக்கு அறியத்தருவது" என்று தொடங்கினால், அது அரசாங்கம். குசினியில் அகப்பையோடு நிற்பவரும் அப்படியே நின்று கேட்பார்.

ஒரு நாள் மாலை, சாப்பிட்டுக்கொண்டிருக்கிறோம். பெட்டியில் கோட்டுப் போட்ட ஒருவர், பின்னால் கொடி. கனத்த குரல். சிரிப்பொலி ஒன்றும் இல்லை. அவர் சொன்னதன் சாரம் இது:

வெளிநாடுகளிலிருந்து கொண்டுவரப்படும் நிழல்களால் உள்நாட்டு நிழல்களுக்கு இடம் போதாமல் போகிறது. ஆகவே, கடந்த மூன்று ஆண்டுகளுக்குள் வந்த ஒவ்வொருவரும் தமது நடுப்பகல் நிழலின் நீளத்தையும், பின்னர் வரவிருக்கும் குடும்பத்தினரின் நிழல்களின் நீளத்தையும், பதினான்கு நாட்களுக்குள் நிழல் திணைக்களத்துக்கு எழுத்தில் அறிவிக்கவேண்டும். கடிதங்களை இந்த நிலையத்தின் தபால்பெட்டிக்கு அனுப்பலாம்.

"பின்னர் வரவிருக்கும் குடும்பத்தினர்" என்ற இடத்தில் அண்ணை கையிலிருந்த சோற்றைச் சாப்பாட்டுக் கோப்பையில் வைத்துவிட்டார்.

எனக்கு ஒரு சின்னச் சந்தேகம் வந்தது. "அண்ணை, நிழலை அளந்து இவைக்கு என்ன தேவை?"

"சுற்றுநிருபத்தை ஏன் எண்டு கேக்கிறேல்லை ஐசே. எத்தினையாம் திகதிக்கு முதல் எண்டு மட்டும்தான் கேக்கிறது."

இப்போது டூங்கபியில் என் வீட்டு மேசையில் இருந்து இதை எழுதும்போது சிரிப்பு வருகிறது. அன்று வரவில்லை. நாங்கள் எந்த நாட்டிலிருந்து வந்தோம் என்பதை யோசியுங்கள். கிழமையில் இரண்டு நாள் சாப்பாட்டுக் கடையில் சோறு விற்கக்கூடாது என்று சட்டம் இருந்தது. அடுத்த ஊருக்கு அரிசி கொண்டுபோனால் பஸ்ஸை மறித்துப் பையை அவிழ்த்துப் பார்த்தார்கள். சோற்றுக்குக் கிழமை குறித்த அரசாங்கம் உண்டென்றால், நிழலுக்கு நீளம் கேட்கும் அரசாங்கம் ஏன் இருக்கக்கூடாது?

இந்த நாட்டிலும் அப்போது எல்லாவற்றையும் மறுபடி அளந்துகொண்டிருந்தார்கள் அல்லவா? பால், தூரம், வெப்பம். அடுத்தது நிழல் என்று நினைத்தேன். நிறைய வாசிக்கிறவன் என்று எனக்கு நானே பட்டம் கொடுத்திருந்தேன். வாசிப்பு இப்படியான இடங்களில் உதவுவதில்லை.

மூன்று பிரதிகள்

பதினான்கு நாளில் பதினொரு நாள் மழை. மெல்பேர்னின் குளிர்காலம் தெரிந்தவர்களுக்கு விளக்கவேண்டியதில்லை. பன்னிரண்டாம் நாள் சனிக்கிழமை. அன்றைக்கும் வெயில் வந்து பதினொரு நிமிடம்தான் நின்றது. அந்தப் பதினொரு நிமிடத்தில்தான் முதலில் சொன்ன அளவெடுப்பு.

கடிதத்தை அண்ணை சொல்லச் சொல்ல நான் ஆங்கிலத்தில் தட்டச்சுச் செய்தேன். இரண்டு கார்பன் தாள், மூன்று பிரதி. மூன்றாவது பிரதி என்னிடம் இருக்கிறது. தமிழில் தருகிறேன்.

"மதிப்புக்குரிய ஐயா, தங்கள் அறிவித்தல் தொடர்பாக மிகப் பணிவுடன் அறியத்தருவது:

ஒன்று. எனது நிழலின் நீளம் 300 சென்ரிமீற்றர்.

இரண்டு. அது நான் வந்த விமானத்திலேயே வந்தது. அதற்கெனத் தனிப் பயணச்சீட்டுப் பெறப்படவில்லை. அது தவறாயின் பொறுத்தருளவும்.

மூன்று. எனது வேலைத்தலத்துக்குக் கூரை உண்டு. வேலை நேரத்தில் எனது நிழல் வெளியே வருவதில்லை. ஆகவே உள்நாட்டு நிழல் எதனது இடத்தையும் அது எடுத்துக்கொள்ளவில்லை.

நான்கு. எனது மனைவியின் நிழலை அளக்க இயலாமைக்கு வருந்துகிறேன். அவரது விண்ணப்பம் பதினான்கு மாதங்களாக நிலுவையில் உள்ளது. அவர் வந்துசேர்ந்து பதினான்கு நாட்களுக்குள் அளந்து அறிவிப்பேன் என இத்தால் உறுதியளிக்கிறேன்.

தங்கள் கீழ்ப்படிவுள்ள ஊழியன்."

கீழே முழுப்பெயர், கையொப்பம். அதற்கும் கீழே, ஒரு நல்ல கிளாக்கர் மறக்கக்கூடாத விஷயம்: பரமேஸ்வரி அக்காவின் விசா பைல் இலக்கம்.

ஒன்பதாம் நாள்

ஒன்பது நாளில் மறுமொழி வந்தது. உறையைப் பார்த்ததும் அண்ணை படிக்கட்டிலேயே உட்கார்ந்துவிட்டார். "நீர் வாசியும்."

தாள் மஞ்சள். மேலே தொப்பி போட்ட மீன் ஒன்றின் படம். கீழே எழுதியிருந்தது இது:

எங்களுக்கு வரும் கடிதங்களில் இவ்வளவு நாள் இப்படி ஒன்று வந்ததில்லை, நாங்கள் எல்லோரும் சேர்ந்து இரண்டு முறை வாசித்தோம், வயிறு நோகச் சிரித்தோம், உங்கள் கடிதத்தை நிகழ்ச்சியில் வாசிக்க அனுமதி தருவீர்களா, ஒரு நாள் வந்து எங்களைச் சந்தியுங்கள். கையொப்பம்: ஜூடித், எழுத்தாளர்.

நான் வாசித்து முடித்தேன். சோஃபியா யாருக்கோ சத்தமாகக் கிரேக்கத்தில் ஏசுவது கேட்டது.

"அப்ப, அது திணைக்களம் இல்லை," என்றார் அண்ணை.

"இல்லை அண்ணை. பகிடி நிகழ்ச்சி."

"பைல் இலக்கம் போட்டனான் ஐசே."

அதுதான் அவருடைய பயம். அவருடைய கச்சேரிக்கு ஒரு மந்திரி வந்த நாளில் ஒலிவாங்கி சரிந்து விழுந்தது. ஒரு கிளாக்கர் சிரித்துவிட்டார். அடுத்த கிழமை அவரை மூன்று ஆறு தாண்டிய ஊருக்கு மாற்றினார்கள். சிரித்தவருக்கே அது நடந்தது. அரசாங்கத்தைப் பகிடி பண்ணிப் பைல் இலக்கத்தோடு கடிதம் எழுதியவனின் மனைவிக்கு யார் விசா தருவார்கள்?

அன்று பின்னேரம் தொலைக்காட்சிப் பெட்டிக்கு மேல் தான் உடுக்கும் சாரம் ஒன்றைப் போட்டு மூடிவிட்டார். சோறு அப்படியே இருந்தது.

தண்ணீருக்குள் மேசை

அடுத்த சனிக்கிழமை, கடிதத்தைத் திரும்ப வாங்குவதற்காக ரயிலேறினோம். மறுபடியும் கோட்டு, கழுத்துப்பட்டி. வழி முழுவதும் அவர் ஆங்கிலத்தில் ஒரு வசனத்தை முணுமுணுத்துக்கொண்டு வந்தார். "கடிதத்தை மீளப்பெற அனுமதிக்குமாறு வேண்டுகிறேன்."

ஜூடித் முப்பது வயதுப் பெண். காதில் பென்சில். ஒரு களஞ்சியம்போன்ற பெரிய கூடத்துக்குள் எங்களைக் கூட்டிச்சென்றார். அங்கே இருபது புல்வெட்டும் இயந்திரங்கள் வரிசையாகக் கதிரைகளில் ஏற்றி வைக்கப்பட்டிருந்தன. அது நாடாளுமன்றம் என்றார். சபாநாயகர் ஒவ்வொன்றாகக் கயிற்றை இழுத்துப் பார்ப்பார், ஒன்றும் இயங்காது, ஒன்று இயங்கத் தொடங்கியதும் மற்றவை எல்லாம் கண்டனம் தெரிவித்து வெளிநடப்புச் செய்யும்.

அண்ணை அதைக் கேட்கவில்லை. அவர் வேறொன்றைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

ஒரு பெரிய ரப்பர் தொட்டி. அது நிறையத் தண்ணீர். அதற்குள் ஒரு மேசை, பின்னால் கொடி. பெட்டியில் நிழல் அறிவித்தல் சொன்ன அந்தக் கோட்டுக்காரரேதான், மந்திரியாக நடிப்பவர், முழங்காலுக்கு மேல் காற்சட்டையைச் சுருட்டிக்கொண்டு, தண்ணீருக்குள் நின்று இறைச்சிப் பணியாரம் தின்றுகொண்டிருந்தார். அவரைச் சுற்றி நாலைந்து பிளாஸ்ரிக் மீன்கள் மிதந்தன.

"அப்ப முழு நேரமும் தண்ணிக்குள்ளேயே இருந்தவர்?" என்று அண்ணை என்னிடம் தமிழில் கேட்டார்.

"எங்கட பெட்டியில கீழ்ப்பாதி தெரியாதே அண்ணை."

அவர் கழுத்துப்பட்டியை நேராக்கினார். பிறகு திரும்பி, பாடமாக்கிய வசனத்தைச் சொன்னார்.

ஜூடித் மறுபேச்சுப் பேசவில்லை. உள்ளே போய்க் கடிதத்தை எடுத்து வந்து நீட்டினார். "இது உங்களுடையது. ஒன்று மட்டும் கேட்கலாமா? கடிதத்தின் நான்காவது பந்தி. அதுவும் நீங்கள் கற்பனை செய்ததா?"

"நான் ஒன்றும் கற்பனை செய்யவில்லை, மேடம்."

"பதினான்கு மாதமா?"

"இப்போது பதினைந்து."

தண்ணீருக்குள் நின்றவர் சாப்பிடுவதை நிறுத்தினார். "நாங்கள் அந்தப் பந்தியில் சிரிக்கவில்லை," என்றார். சொல்லிவிட்டு, கையிலிருந்ததை எங்கே வைப்பதென்று தெரியாமல் மேசையில் வைத்தார்.

ரயிலில்

திரும்பி வரும்போது அண்ணை கடிதத்தை மடியில் வைத்திருந்தார். மூன்று நிலையம் தாண்டியது.

"எந்த எந்த இடத்தில சிரிச்சிருப்பாங்கள் எண்டு நினைக்கிறீர்?"

"பயணச்சீட்டு."

"ம்ம். அது எனக்கும் இப்ப சிரிப்பாத்தான் கிடக்கு." பிறகு, "கூரைக்கும் சிரிச்சிருப்பாங்கள் என்ன?"

"கட்டாயம்."

அவர் யன்னலால் பார்த்தார். வெளியே தகரக் கூரைகள், பின்வளவுகள், காயும் உடுப்புகள்.

"ஐசே, பதினைஞ்சு மாசமா எழுதுறன். இந்த நாட்டில எனக்கு மறுமொழி போட்ட ஒரே திணைக்களம் இதுதான். அதுவும் ஒன்பது நாளில."

"அது திணைக்களம் இல்லையே அண்ணை."

"அதைத்தான் சொல்லுறன்."

வீட்டுக்கு வந்ததும் சவர அலகால் பைல் இலக்கத்தையும் தன் பெயரையும் நேராக வெட்டி எடுத்தார். "கீழ்ப்படிவுள்ள ஊழியன்" என்பதை மட்டும் விட்டுவைத்தார். மஞ்சள் தாளுக்கு ஒரு மறுமொழி சொன்னார், நான் தட்டச்சுச் செய்தேன்: வாசிக்கலாம், ஆனால் நான்காம் பந்தியை வெட்டக்கூடாது.

இரண்டையும் தபாலில் போட்டுவிட்டு வந்து, "இனி வாறது வரட்டும்," என்றார். ஆனால் அந்தக் கிழமை முழுவதும் அவருக்கு நித்திரை இல்லை என்பது எனக்குத் தெரியும். சுவர் மெல்லிய சுவர்.

வர்ணத்தில்

வசந்தகாலத்தில் ஒரு புதன்கிழமை அது ஒளிபரப்பானது. சோஃபியா வீட்டில் பார்த்தோம். அவர் வாங்கியிருந்தது வர்ணப் பெட்டி, கீழ்ப்பாதியும் தெரியும். தொட்டித் தண்ணீர் நல்ல நீலம்.

மந்திரி கடிதத்தைப் பிரித்து வாசித்தார். ஒவ்வொரு பந்திக்கும் தண்ணீர் கொஞ்சம் கொஞ்சமாக ஏறியது. பயணச்சீட்டுக்கு முழங்கால். கூரைக்கு இடுப்பு. சோஃபியா கதிரைக் கையில் அடித்து அடித்துச் சிரித்தார். அண்ணையும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அவர் சிரித்து நான் பார்த்தது அன்றுதான் முதல் தடவை.

நான்காம் பந்திக்குத் தண்ணீர் மார்பளவு. மந்திரி கடிதத்தைத் தலைக்கு மேல் உயர்த்திப் பிடித்து, நனையவிடாமல், ஒவ்வொரு சொல்லாக வாசித்தார். முடிந்ததும் மெல்லத் தண்ணீருக்குள் மூழ்கினார். தண்ணீருக்கு மேலே ஒரு கையும் ஒரு கடிதமும். அப்படியே படம் நின்றது.

சோஃபியா மூக்கைச் சீறினார். "நான் என் புருஷனுக்கு மூன்று வருடம் காத்திருந்தேன்," என்றார். "கப்பல்." பிறகு எழுந்துபோய் இனிப்புத் தட்டு ஒன்றைக் கொண்டுவந்து வைத்தார்.

அடுத்த திங்கட்கிழமை கடிதப்பெட்டியில் நீண்ட உறை. பரமேஸ்வரி அக்காவுக்கு விசா கிடைத்திருந்தது.

அண்ணை படிக்கட்டில் நின்று கத்தினார்: "பாத்தீரே! புதன் வாசிச்சவங்கள், திங்கள் வந்திட்டுது!"

நான் கடிதத்தை வாங்கிப் பார்த்தேன். பழக்கதோஷம். மூலையில் திகதி முத்திரை. ஒளிபரப்புக்கு இரண்டு நாள் முந்திய திகதி. நிகழ்ச்சிக்கும் விசாவுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

சொல்லவில்லை. கடிதத்தை மடித்து அவர் கையில் கொடுத்தேன்.

மறுபடி கார் நிறுத்துமிடம்

பரமேஸ்வரி அக்கா வந்தது ஜனவரியில். வந்த ஆறாம் நாள், நல்ல வெயில். கோடைக்காக மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியிருந்ததால் ஒரு மணி தாண்டும்வரை காத்திருந்து அளந்தோம். அதை நான்தான் வற்புறுத்தினேன்.

பச்சைச் சேலையில் அக்கா, அதே மூலையில். தார் இளகிச் செருப்பில் ஒட்டியது.

"இஞ்சாருங்கோ, ஊரிலயிருந்து வந்தவளை வெயிலுக்க நிப்பாட்டிப்போட்டு நிலத்தை அளக்கிறியள். சனம் பாக்குது."

"பாக்கட்டும். நான் வாக்குக் குடுத்தனான்."

"ஆருக்கு?"

"கவர்ன்மென்டுக்கு," என்று சொல்லிவிட்டு அண்ணை என்னைப் பார்த்துக் கண் சிமிட்டினார். மேலேயிருந்து சோஃபியா இரண்டு கையையும் தட்டினார்.

அக்காவின் நிழல் காலடியில் சுருண்டு கிடந்தது. பதினாறரை அங்குலம். "என்னையும் திரும்ப அளந்து பாரும்," என்றார் அண்ணை. அவருடையது பதினெட்டு. இரண்டு நிழலும் பக்கத்தில் பக்கத்தில், பூனைக்குட்டிகள்போல.

மேலே போய்த் தட்டச்சு இயந்திரத்துக்கு முன்னால் உட்கார்ந்தேன். அக்கா குசினியில் தேநீர் போட்டுக்கொண்டிருந்தார். அண்ணை நடந்து நடந்து சொன்னார்.

"மதிப்புக்குரிய ஐயா. எனது முன்னைய கடிதத்தின் நான்காம் பந்தி தொடர்பாக. எனது மனைவியின் நிழல் 42 சென்ரிமீற்றர். மேலும், எனது நிழல் 300 சென்ரிமீற்றரிலிருந்து 46 ஆகக் குறைந்துள்ளது என்பதையும் பணிவுடன் அறியத்தருகிறேன். குறைவுக்கான காரணம்: மனைவி வந்துசேர்ந்தமை."

நான் விரலை எடுத்தேன். "அண்ணை, அது கோடை வெயிலால குறைஞ்சது. அவ வந்ததால இல்லை."

"தெரியும் ஐசே," என்றார் அவர். "முத்திரையில கிடந்த திகதியும் எனக்குத் தெரியும். நீர் டைப் அடியும்."